பட்டா விசாரணையில் இயற்கை நீதி: அதிகார எல்லையும் செவிமடுக்கும் கடமையும்

ஆய்வுச் சுருக்கம்

நிலத் தகராறுகளில் வருவாய்த்துறை அலுவலர்கள் பிறப்பிக்கும் ஆணைகள் இயற்கை நீதிக் கோட்பாட்டிற்கு உட்பட்டவை என்பது இன்று ஐயத்திற்கு இடமற்ற சட்ட நிலை. ஆயினும் அறிவிப்பு அனுப்பப்பட்டு, இருதரப்பினரும் நேரில் வந்து, வாக்குமூலம் பதியப்பட்ட பின்னரும் ஒரு விசாரணை நேர்மையற்றதாக முடியக்கூடும். எந்த வினாவுக்கு விடை காண அவ்விசாரணை நடக்கிறது என்பது தரப்பினருக்கு உணர்த்தப்படாமையே இதற்கு முதற்காரணம் என்று இக்கட்டுரை கருதுகிறது. தமிழ்நாடு பட்டா பாஸ் புத்தகச் சட்டம், 1983, அதன் கீழமைந்த விதிகள், உச்ச நீதிமன்ற, சென்னை உயர் நீதிமன்றத் தீர்ப்புகள் ஆகியவற்றின் துணைகொண்டு, ‘உரிமையியல் நீதிமன்றத்தை அணுகுக’ என்னும் வழக்கமான ஆணையும் ஒரு தரப்பின்மீது சுமையேற்றும் முடிவே என்பதும், அதற்கும் அறிவிப்பும் செவிமடுப்பும் காரணமும் வேண்டும் என்பதும் நிறுவப்படுகின்றன.

திறவுச்சொற்கள்: பட்டா மாறுதல், இயற்கை நீதி, உரிமைமூலம், வட்டாட்சியர், அதிகார வரம்பு, காரணம் கூறும் ஆணை

முன்னுரை

கிரயம், பாகப்பிரிவினை, வாரிசுரிமை, தானம் என எவ்வழியில் நிலம் கைமாறினாலும், பட்டாவில் பெயர் மாறினாலன்றி அம்மாற்றம் நிறைவுபெற்றதாகத் தமிழ்நாட்டு மக்கள் கருதுவதில்லை. வங்கிக் கடனுக்கும் கட்டட அனுமதிக்கும் அரசு நிலமெடுக்கும்போது வழங்கும் இழப்பீட்டுக்கும் முதலில் கேட்கப்படுவது பட்டா நகலே. பட்டா உரிமைமூலம் ஆகாது என நீதிமன்றங்கள் எத்தனை முறை கூறியிருப்பினும், பட்டாவில் பெயரில்லாதவர் நடைமுறையில் தம் நிலத்துக்கே பாதி அந்நியராகி விடுகிறார். ஆகவே பட்டாவில் ஒரு பெயரைச் சேர்ப்பதும் நீக்குவதும் அலுவலக எழுத்துப்பணி என்று தள்ளத்தக்கவை அல்ல.

பொருளைத் தெளிவாக்க ஓர் எடுத்துக்காட்டை அமைத்துக்கொள்வோம். தந்தையின் பெயரில் மூன்று ஏக்கர் புஞ்சை நிலத்துக்குப் பட்டா உள்ளது. அவர் உயில் எழுதாது இறந்தபின் அவருடைய இரு மகன்களும் தமக்குள் பாகப்பிரிவினைப் பத்திரம் எழுதிப் பதிவு செய்துகொண்டு பட்டா மாறுதலுக்கு விண்ணப்பிக்கின்றனர். மணமாகி வேற்றூரில் வாழும் மகள் அப்பத்திரத்தில் கையொப்பமிடவில்லை. செய்தியறிந்த அவர் வட்டாட்சியரிடம் ஆட்சேபணை மனு அளிக்கிறார். இனி வட்டாட்சியர் செய்யவேண்டியது என்ன? இவ்வினாவுக்கு விடை தேடுமுன் பட்டாவின் இயல்பையும் அதனை மாற்றும் அதிகாரத்தின் இயல்பையும் காணவேண்டும்.

பட்டாவின் இருமை

இரயத்துவாரி முறையில் பட்டா என்பது அரசுக்கும் குடியானவருக்கும் இடையிலான தீர்வைத் தொடர்பின் ஆவணம். இன்ன புல எண்ணுக்கு இன்னார் தீர்வை செலுத்தக் கடமைப்பட்டவர் என்பதே அதன் தொடக்கப் பொருள். ‘அ’ பதிவேடு, சிட்டா, அடங்கல், புலப்படம் ஆகிய கிராமக் கணக்குகள் யாவும் இந்த வருவாய் நோக்கில் வளர்ந்தவையே. இதனாலேயே வருவாய்ப் பதிவேட்டின் பதிவு உரிமையைத் தோற்றுவிப்பதுமில்லை, அழிப்பதுமில்லை என்று உச்ச நீதிமன்றம் தொடர்ந்து கூறிவந்துள்ளது. சாவர்ணி எதிர் இந்தர் கௌர் (1996), சூரஜ்பான் எதிர் நிதி ஆணையர் (2007), ஜிதேந்திர சிங் எதிர் மத்தியப் பிரதேச மாநிலம் (2021) ஆகிய வழக்குகள் இவ்வரிசையில் அமைபவை.

இதன் மறுபக்கத்தையும் மறத்தலாகாது. 1983ஆம் ஆண்டுச் சட்டம் பட்டா பாஸ் புத்தகப் பதிவுகளுக்கு ஒருவகைச் சான்று மதிப்பை அளிக்கிறது. எதிர்த் தரப்பு மறுத்து மெய்ப்பிக்கும் வரை பதிவு தன் பக்கம் நிற்பது எளிய ஆதாயம் அன்று. பதிவு வெறும் வருவாய்க் கணக்கு என்றால் அதற்காக ஏன் இத்தனை போராட்டம் என்று கேட்பவர்கள் மெய்ப்பிப்புச் சுமை என்னும் சொல்லின் கனத்தை எண்ணிப் பார்ப்பதில்லை.

தமிழ்நாட்டில் 1979இல் தொடங்கி 1980களில் நிறைவேற்றப்பட்ட நில உடைமைப் பதிவு மேம்பாட்டுப் பணி (யு.டி.ஆர். என்றே மக்கள் வழக்கில் அறியப்படுவது) இந்த இருமையைக் கூர்மைப்படுத்தியது. மாநிலம் முழுவதும் பதிவேடுகளை ஒருசேரப் புதுப்பித்த அப்பணியில் நுழைந்த பெயர்ப் பிழைகளும் பரப்புப் பிழைகளும் இன்றுவரை மாவட்ட வருவாய் அலுவலர்முன் திருத்தக் கோரிக்கைகளாக வந்துகொண்டிருக்கின்றன. நாற்பதாண்டுக்கு முந்திய எழுத்துப்பிழை ஒன்றைத் திருத்துவதா, அன்றி நாற்பதாண்டாக நிலைத்துவிட்ட உரிமையொன்றைக் கலைப்பதா என்பது கோப்பின் மேலுறையைப் பார்த்துச் சொல்லக்கூடியது அன்று.

முதல் வினா: இது நான் தீர்க்கத்தக்கதா?

1983ஆம் ஆண்டுச் சட்டத்தின் 10ஆம் பிரிவு பதிவுகளை மாற்றும் அதிகாரத்தை வட்டாட்சியருக்கு வழங்குகிறது. ஆணையிடுமுன் தொடர்புடைய தரப்பினருக்கு வாய்மொழியாகவோ எழுத்து மூலமாகவோ தம் கருத்தை எடுத்துரைக்க நியாயமான வாய்ப்பளிக்கவேண்டும் என்றும் அது பணிக்கிறது. அதாவது இங்கே செவிமடுக்கும் கடமை நீதிமன்றம் வெளியிலிருந்து கொணர்ந்து ஏற்றியது அன்று, சட்டத்தின் வாசகத்திலேயே உள்ளது. 12ஆம் பிரிவு மேல்முறையீட்டுக்கும் 13ஆம் பிரிவு சீராய்வுக்கும் வழி வகுக்கின்றன. நடைமுறையில் முன்னது வருவாய் கோட்டாட்சியரிடமும் பின்னது மாவட்ட வருவாய் அலுவலரிடமும் செல்கின்றன. 14ஆம் பிரிவு அரசுக்கும் அலுவலருக்கும் எதிரான வழக்கைத் தடுக்கிறது. எனினும் பதிவினால் பாதிக்கப்பட்டவர் தம் உரிமையை மறுப்பவருக்கு எதிராக விளம்புகை வழக்குத் தொடரலாம் என்றும், அவ்வழக்கின் தீர்ப்புக்கேற்பப் பதிவு திருத்தப்படும் என்றும் அப்பிரிவே கூறுகிறது. சட்டத்தின் கட்டமைப்பில் இறுதிச் சொல் உரிமையியல் நீதிமன்றத்துடையது என்பது இதனால் விளங்கும்.

இச்சட்டத்தின்கீழ் இயற்றப்பட்ட 1987ஆம் ஆண்டு விதிகளில் விதி 4(4) நம் ஆய்வுக்கு இன்றியமையாதது. சொத்துரிமை பற்றிய தகராறு நீதிமன்றத்தில் நிலுவையில் இருந்தாலோ, தனிநபர் சட்டத்தையோ வாரிசுரிமைச் சட்டத்தையோ தொடும் வினாக்கள் வட்டாட்சியர்முன் எழுப்பப்பட்டு அக்கறையுடைய தரப்பினர் அனைவரும் உரிமை குறித்து எழுத்து மூலம் உடன்படவில்லை என்றாலோ, பதிவுகளை மாற்றுமுன் தகுதியுள்ள உரிமையியல் நீதிமன்றத்தின் தீர்ப்பைப் பெற்றுவருமாறு தரப்பினரை வட்டாட்சியர் பணிக்கவேண்டும் என்பது அதன் சாரம். விஸ்வாஸ் காலணி நிறுவனம் எதிர் காஞ்சிபுரம் மாவட்ட ஆட்சியர் (2011) வழக்கில் சென்னை உயர் நீதிமன்ற அமர்வும் உரிமைமூலத் தகராற்றை வருவாய் அலுவலர் தீர்க்கலாகாது என்பதை வலியுறுத்தியது.

நம் எடுத்துக்காட்டில் மகளின் ஆட்சேபணை இவ்விதியின் எல்லைக்குள் நேரடியாக விழுகிறது. சொத்து தந்தையின் தனிச்சொத்தாயின் 1956ஆம் ஆண்டு இந்து வாரிசுரிமைச் சட்டப்படி மகள் முதல்வகுப்பு வாரிசு. கூட்டுக்குடும்பச் சொத்தாயின், 1989ஆம் ஆண்டுத் தமிழ்நாட்டுத் திருத்தம், 2005ஆம் ஆண்டு நடுவண் திருத்தம், அதற்குப் பொருள்கூறிய வினீதா சர்மா எதிர் இராகேஷ் சர்மா (2020) தீர்ப்பு ஆகியவற்றை வரிசையாக ஆராயவேண்டியிருக்கும். சொத்து எவ்வகையது, எப்போது பிரிந்தது, முந்தைய பாகப்பிரிவினை ஏதேனும் உண்டா என்பவை சாட்சியமும் குறுக்கு விசாரணையும் இன்றித் தெளியக்கூடியவை அல்ல. வட்டாட்சியர் அலுவலகத்தின் பிற்பகல் விசாரணை ஒன்றில் இதற்கு இடமில்லை. அது அவ்வலுவலரின் திறமைக் குறைவன்று. அந்த மன்றத்தின் வடிவம் அத்தகையது.

ஹப்சிகுடா வழக்கு

சுருக்கமுறை அதிகாரத்துக்கும் உரிமைமூல வினாவுக்கும் இடையிலான எல்லைக்கோட்டை மிகத் தெளிவாக வரைந்த தீர்ப்பு, ஆந்திரப் பிரதேச அரசு எதிர் தும்மலா கிருஷ்ணா ராவ் (1982). அவ்வழக்கில் பயன்படுத்தப்பட்டது 1905ஆம் ஆண்டு நில ஆக்கிரமிப்புச் சட்டம். சென்னை மாகாணத்தில் இயற்றப்பட்ட அதே மூன்றாம் எண் சட்டம் இன்று தமிழ்நாட்டிலும் நடைமுறையில் இருப்பதால் இத்தீர்ப்பு நமக்கு அயலானது அன்று.

ஐதராபாத்தை அடுத்த ஹப்சிகுடாவில் உஸ்மானியா பல்கலைக்கழகத்துக்காக நிசாம் அரசு 1932க்கும் 1937க்கும் இடையில் நிலங்களை எடுத்தது. குறிப்பிட்ட சில மனைகள் அந்த எடுப்பில் அடங்கியவையா என்பதில் பிணக்கு எழுந்தது. அவற்றைக் கைவசம் வைத்திருந்த நவாபுக்கு எதிராகப் பல்கலைக்கழகம் 1956இல் உரிமையியல் வழக்குத் தொடர்ந்தது. அவ்வழக்குத் தள்ளுபடியாகி, 1964இல் மேல்முறையீடும் தோற்றது. நீதிமன்றத்தில் தோற்ற அதே ஆண்டில் பல்கலைக்கழகம் அரசை அணுகி, சுருக்கமுறையில் வெளியேற்றுமாறு கேட்டுக்கொண்டது. வட்டாட்சியர் 7ஆம் பிரிவின்கீழ் அறிவிப்பு அனுப்பினார், 6ஆம் பிரிவின்கீழ் வெளியேற்ற ஆணையும் பிறப்பித்தார். ஆட்சியரிடமும் வருவாய் வாரியத்திடமும் செய்யப்பட்ட முறையீடுகள் தோற்றபின், நவாபிடமிருந்து மனைகளை விலைக்கு வாங்கியிருந்தவர்கள் இறுதியில் நீதிப்பேராணை மனுவின் மேல்முறையீட்டில் வென்றனர். உச்ச நீதிமன்றம் அதனை உறுதிசெய்தது.

அறிவிப்பு அனுப்பப்பட்டது, விளக்கம் கேட்கப்பட்டது, மேல்முறையீடுகளும் கேட்கப்பட்டன. இயற்கை நீதியின் வழக்கமான சரிபார்ப்புப் பட்டியலை வைத்துப் பார்த்தால் குறை காண்பது அரிது. ஆயினும் நடைமுறை முழுதும் நேர்மையற்றது. ஏனெனில் அரசுக்கும் குடிமகனுக்கும் இடையில் மெய்யான உரிமைமூலப் பிணக்கு இருக்கும்போது, அரசே தனக்குச் சாதகமாக அதனைத் தீர்த்துக்கொண்டு அத்தீர்ப்பின் வலிமையில் குடிமகனை வெளியேற்றுவது தன் வழக்குக்குத் தானே நீதிபதியாதல். ஆக்கிரமிப்பின் கால நீளமோ குறுக்கமோ முடிவானதன்று, சொத்தின் இயல்பும் குடியிருப்பவரின் கோரிக்கை மெய்யானதா என்பதுமே கருதத்தக்கவை என்று தலைமை நீதிபதி சந்திரசூட் வகுத்துரைத்தார். சாலையிலோ தெருவிலோ கடை போட்டவர் நெடுங்காலம் இருந்தார் என்பதனால் அவருக்கு மெய்யான உரிமைமூலப் பிணக்கு உண்டாகிவிடாது. இந்த வேறுபாடு 2024 நவம்பரில் கட்டட இடிப்புகள் குறித்து உச்ச நீதிமன்றம் வகுத்த நெறிமுறைகளிலும் எதிரொலிக்கிறது. பதினைந்து நாள் முன்னறிவிப்பை வற்புறுத்திய அந்நெறிமுறைகள் சாலை, நடைபாதை, நீர்நிலை போன்ற பொது இடங்களுக்குப் பொருந்தா என்று அந்நீதிமன்றம் விலக்களித்தது. இருப்பினும் ஓரிடம் நீர்நிலையா அன்றா என்பதே தகராறாகும் இடத்தில் அந்த விலக்கு மட்டும் விடை தந்துவிடாது என்பது என் கருத்து.

பதிவுத்துறையின் அண்மைக் கால வரலாறும் இதே பாடத்தையே தருகிறது. விற்பவர் தம் மூல ஆவணத்தைக் காட்டினால்தான் பத்திரம் பதியப்படும் என்ற தமிழ்நாட்டுப் பதிவு விதி 55-ஏ(i)ஐ, கே. கோபி எதிர் சார்பதிவாளர் (2025) வழக்கில் உச்ச நீதிமன்றம் செல்லாது என்றது. எழுதிக்கொடுப்பவருக்கு உரிமைமூலம் உண்டா என்பதைச் சார்பதிவாளர் ஆராயும் அதிகாரமுடையவர் அல்லர் என்பதே காரணம். போலிப் பத்திரத்தால் நிலமிழந்தவர்களின் துயரை அறிந்தவர்களுக்கு இத்தீர்ப்பு கடினமாகத் தோன்றலாம். ஆயினும் ஒரு மன்றத்துக்கு உரிமைமூலம் தீர்க்கும் அதிகாரம் தரவேண்டுமாயின் அதற்கேற்ற சாட்சியமுறையையும் உடன்தரவேண்டும். முன்னதை மட்டும் தருவது குறுக்குவழி.

அறிவிப்பு: யாருக்கு, எதைக் குறித்து?

அறிவிப்பு என்றவுடன் அது அனுப்பப்பட்டதா என்னும் வினாவோடு நின்றுவிடுகிறோம். யாருக்கு என்பது அதனினும் முதன்மையானது. வாரிசுச் சான்றில் மூன்று பெயர்கள் இருக்க, விண்ணப்பித்த இருவரை மட்டுமே விசாரித்து முடிக்கப்படும் பட்டா மாறுதலில் மூன்றாமவர் ‘தொடர்புடைய தரப்பினர்’ ஆகாமல் போவதெப்படி? ஆட்சேபணை மனு கொடுத்தவரே தரப்பினர் என்னும் எண்ணம் சட்டத்தில் இல்லை. பதிவின் மாற்றத்தால் எவருடைய உரிமை தொடப்படுகிறதோ அவரே தரப்பினர். ஆவணத்தின் முகப்பிலேயே அவர் பெயர் தென்படும்போது அறிவிப்பு அனுப்பும் கடமை, அவர் கேட்கும்வரை காத்திராது. விண்ணப்பங்கள் இணையவழிக்கு மாறி, உட்பிரிவு தேவைப்படாத மாறுதல்கள் விரைந்து முடிக்கப்படும் இக்காலத்தில் இக்கடமையின் தேவை மிகுந்திருக்கிறதே ஒழியக் குறையவில்லை.

எதைக் குறித்து என்பது அடுத்தது. ‘நில விவகாரம் தொடர்பாக இன்ன தேதியில் ஆவணங்களுடன் ஆஜராகவும்’ என்னும் ஒற்றை வரி அழைப்பு சட்டத்தின் பார்வையில் அறிவிப்பே ஆகாது எனலாம். எந்தப் புல எண்ணில், யாருடைய பெயரை நீக்கி யாருடைய பெயரைச் சேர்க்கக் கருதப்படுகிறது, எந்த ஆவணத்தின் அடிப்படையில் என்பவை அதில் இருக்கவேண்டும். எடுக்கக் கருதும் நடவடிக்கை இன்னதென்று காரணம் கேட்கும் அறிவிப்பிலேயே தெரியவேண்டும் என்று கூர்க்கா பாதுகாப்புச் சேவை நிறுவன வழக்கில் (2014) உச்ச நீதிமன்றம் கூறியது. அது நிறுவனமொன்றைக் கறுப்புப் பட்டியலில் சேர்ப்பது பற்றிய வழக்கு. நிலத்துக்கு அது குறைவாகப் பொருந்த நியாயமில்லை.

இதற்கு ஒரு படி மேலும் செல்லவேண்டும் என்பதே இக்கட்டுரையின் வாதம். உரிமைமூலத் தகராறு இருப்பதாகத் தோன்றும் நிலையில், ‘இவ்விவகாரம் விதி 4(4)இன்கீழ் வருமா என்பது முதலில் தீர்மானிக்கப்படும்’ என்று அறிவிப்பிலேயே கூறவேண்டும். அப்போதுதான் மகன்கள் தகராறு மெய்யானதன்று எனக் காட்டும் ஆவணங்களோடும், மகள் அது மெய்யானதே எனக் காட்டும் ஆவணங்களோடும் வருவர். வினா அறிவிக்கப்படாத விசாரணையில் இருவரும் முழுக் குடும்பக் கதையையும் சொல்லித் தீர்க்கின்றனர். அலுவலரும் அக்கதையில் ஈடுபட்டுத் தம்மை அறியாமலே உரிமையைத் தீர்க்கும் நீதிபதியாகி விடுகிறார்.

கோப்பில் உள்ள அறிக்கை

பட்டா விசாரணையின் மெய்யான சாட்சி பெரும்பாலும் விசாரணை அறைக்கு வருவதில்லை. அச்சாட்சி கிராம நிர்வாக அலுவலரின் அறிக்கை, அதன்மேல் வருவாய் ஆய்வாளரின் பரிந்துரை, நில அளவரின் வரைபடம். நிலம் யார் கைவசம் உள்ளது, பயிர் செய்பவர் யார், அக்கம்பக்கத்தார் என்ன கூறினர் என்பவை இவற்றில்தான் எழுதப்படுகின்றன. வட்டாட்சியர் நிலத்தைப் பார்க்கவேண்டியதில்லை, பார்க்கவும் இயலாது. அறிக்கைமேல் நம்பிக்கை வைப்பது நிர்வாகத்தின் இயல்பு. ஆனால் ஒரு தரப்புக்கு எதிராகப் பயன்படும் அறிக்கை அத்தரப்புக்குக் காட்டப்படாவிடின் செவிமடுப்பு என்பது பெயரளவினதே. பினாபாணி தேய் வழக்கில் (1967) தம் வயது குறித்த விசாரணையின் அறிக்கை தமக்கு அளிக்கப்படாமலே ஓர் அரசு மருத்துவருக்குப் பாதகமான முடிவெடுக்கப்பட்டதை உச்ச நீதிமன்றம் ஏற்கவில்லை. நிர்வாக ஆணையாயினும் உரிமையைப் பாதிக்குமாயின் இயற்கை நீதி பொருந்தும் என்ற அத்தீர்ப்பின் கருத்து, கிரைபக் வழக்கில் (1969) மேலும் உறுதிபெற்றது.

தகவல் பெறும் உரிமைச் சட்டம், 2005இன்கீழ் அறிக்கை நகலைப் பின்னர்ப் பெற்றுக்கொள்ளலாம் என்பது இதற்கு விடையன்று. தோற்றபின் தோல்வியின் காரணத்தை அறிவது மேல்முறையீட்டுக்கு உதவும், முதல் விசாரணையை நேர்மையாக்காது. நகல் தருவதில் செலவும் பெரிதன்று. விசாரணை நாளன்று இருதரப்புக்கும் அறிக்கையைப் படித்துக்காட்டி, மறுப்பிருந்தால் எழுதித்தரச் சொல்வதற்கு அரசாணை எதுவும் தேவையில்லை.

கேட்டவரும் முடிவெடுத்தவரும்

குல்லப்பள்ளி நாகேசுவர ராவ் வழக்கில் (1959) ஒருவர் கேட்டு மற்றொருவர் தீர்ப்பது வெற்றுச் சடங்கு என உச்ச நீதிமன்றம் கண்டது. வட்டாட்சியர்கள் அடிக்கடி இடமாற்றம் பெறும் சூழலில் இது ஏட்டளவுச் சிக்கலன்று. விசாரணை நடத்தியவர் சென்று, கோப்பை மட்டும் பார்த்த அடுத்தவர் ஆணையில் கையொப்பமிடுவது எளிதில் நேரக்கூடியது. பதியப்பட்ட வாக்குமூலங்கள் கோப்பில் உள்ளனவே என்று விடையிறுக்கலாம். வாக்குமூலங்கள் முழுமையாகவும் இருதரப்புக் கையொப்பத்துடனும் இருப்பின் அவ்விடையில் ஓரளவு நியாயம் உண்டு. அவை எழுத்தரின் சுருக்கமாயின் மறுவிசாரணையே முறை.

இனி, ஆணையின் வடிவம். ‘செயல்முறைகள்’ என்னும் தலைப்பு, ந.க. எண், ‘பார்வை’ என்ற சொல்லின்கீழ் மனு, அறிக்கை, கடிதம் ஆகியவற்றின் வரிசை, அதன்பின் அவற்றின் சுருக்கம், கடைசியில் ‘மேற்படி அறிக்கையை ஏற்று ஆணையிடப்படுகிறது’ என்ற ஒரு தொடர். படித்தோர் பலரும் இவ்வடிவத்தை அறிவர். பார்வையில் பன்னிரண்டு ஆவணங்கள் இருப்பது காரணம் பன்னிரண்டு இருப்பதாகாது. ஆட்சேபணை எது, அது ஏன் ஏற்கப்படவில்லை என்ற இரண்டு வாக்கியங்களே காரணம் எனப்படும். எஸ்.என். முகர்ஜி (1990), கிராந்தி அசோசியேட்ஸ் (2010) ஆகிய வழக்குகள் காரணம் கூறலை நீதிமுறையின் உறுப்பாகவே கண்டன. மொகிந்தர் சிங் கில் (1978) வழக்கின்படி, ஆணையில் இல்லாத காரணத்தைப் பின்னர் நீதிமன்றத்தில் பிரமாணப் பத்திரம் மூலம் சேர்க்கவும் இயலாது. நல்ல காரணம் மனத்தில் இருந்தும் எழுதாதுவிட்ட அலுவலர் தம் ஆணையைத் தாமே வலுவிழக்கச் செய்கிறார்.

‘நீதிமன்றத்தை அணுகுக’: நடுநிலையானதா?

அதிகார எல்லையை வலியுறுத்தும் எழுத்துகள் பெரும்பாலும் இங்கே நின்றுவிடுகின்றன. வட்டாட்சியர் உரிமையைத் தீர்க்கலாகாது, ஆகவே தரப்பினரை உரிமையியல் நீதிமன்றத்துக்கு அனுப்பவேண்டும், முடிந்தது. ஆனால் அனுப்பும் ஆணை எவரையும் பாதிக்காத வெற்றாணை என்று கொள்வது பிழை.

நம் எடுத்துக்காட்டைச் சற்றே மாற்றிப் பார்ப்போம். மகள் ஆட்சேபிக்கும் நேரத்தில் பட்டா இன்னும் தந்தையின் பெயரிலேயே இருந்தால், ‘உள்ளபடியே இருக்கட்டும், நீதிமன்றம் செல்க’ என்ற ஆணை அவருக்குப் பாதுகாப்பு. வழக்குத் தொடரும் சுமை மகன்கள்மேல் விழுகிறது. மகள் அறியுமுன்னரே, அவருக்கு அறிவிப்பின்றிப் பட்டா மகன்கள் பெயருக்கு மாறிவிட்டிருந்தால் அதே சொற்களில் அமைந்த ஆணை அவருக்குத் தண்டனை. விளம்புகையும் பாகமும் கோரி வழக்குத் தொடரும் சுமை, நீதிமன்றக் கட்டணம், ஆண்டுக்கணக்கான காத்திருப்பு யாவும் அவர்மேல் ஏறுகின்றன. இதற்கிடையில் பட்டாவைக் காட்டி நிலத்தை அடகு வைக்கவோ விற்கவோ மகன்களுக்குத் தடையில்லை. சொல் ஒன்றே, விளைவு நேர்மாறு. எந்தப் பதிவை ‘உள்ள பதிவு’ எனக் கொள்வது என்ற தெரிவில்தான் முடிவு ஒளிந்திருக்கிறது.

ஆகவே நேர்மையற்ற முறையில் மாற்றப்பட்ட பதிவை உள்ள பதிவாகக் கொண்டு தரப்பினரை நீதிமன்றத்துக்கு அனுப்பலாகாது. அறிவிப்பின்றிச் செய்யப்பட்ட மாறுதலை முதலில் நீக்கி, பிணக்குக்கு முந்திய பதிவை மீட்டபின்னரே அனுப்பவேண்டும். இது உரிமைமூலத்தைத் தீர்ப்பதாகாது. தன் நடைமுறைப் பிழையைத் தானே திருத்துவதே ஆகும். மேல்முறையீட்டு அலுவலராகிய கோட்டாட்சியருக்கு இதைச் செய்ய அதிகாரக் குறைவு எதுவும் இல்லை. ‘உரிமைத் தகராறு உள்ளதால் தலையிட இயலாது’ என்று அவர் கைவிரிக்கும்போது எல்லையை மதிப்பதாகத் தோன்றினாலும், உண்மையில் எல்லைமீறிய ஆணையொன்றுக்குக் காவல் நிற்கிறார்.

எதிர்த்திசையிலும் ஓர் ஆபத்து உண்டு. ஒரு வெள்ளைத்தாளில் ஆட்சேபணை எழுதிக்கொடுத்தால் பட்டா நின்றுவிடும் என்றால், எவரும் எவருடைய பட்டாவையும் தடுத்துவிடலாம். கிரயத்துக்கு உடன்பட்டுப் பணமும் பெற்ற உறவினர் பின்னர்ப் பேரம்பேச இவ்வழியை நாடுவது கிராமங்களில் அறியாததன்று. ஹப்சிகுடா தீர்ப்பு எல்லாப் பிணக்குகளையும் நீதிமன்றத்துக்கு அனுப்பச் சொல்லவில்லை. மெய்யான பிணக்கையே அனுப்பச் சொன்னது. பிணக்கு மெய்யானதா என்பதை முதல்நோக்கில் ஆராயும் கடமை வட்டாட்சியருக்கு உண்டு. ஆவணத்தின் அடிப்படை உள்ளதா, உறவுமுறை ஒப்புக்கொள்ளப்படுகிறதா, ஆட்சேபிப்பவரே முன்னர்க் கையொப்பமிட்ட பத்திரம் உண்டா என்னும் அளவிலான ஆராய்ச்சி அது. வாரிசுச் சான்றில் பெயருள்ள மகளின் ஆட்சேபணை இத்தேர்வில் நொடியில் தேறும். பதினைந்தாண்டுக்கு முன் பதிவான கிரயத்தை ஆவணமின்றி மறுப்பவரின் ஆட்சேபணை தேறாது. இம்முதல்நோக்கு முடிவையும் காரணத்தோடு எழுதவேண்டும் என்பதைச் சொல்லத் தேவையில்லை.

மேல்முறையீடும் பாதிப்பு என்னும் அளவுகோலும்

முதல் விசாரணையில் வாய்ப்பளிக்கப்படாவிடினும் மேல்முறையீட்டில் கேட்கப்பட்டாரே என்ற வாதம் அரசுத் தரப்பில் எழலாம். தொடக்கநிலைக் குறையை மேல்முறையீடு பொதுவாக ஈடுசெய்யாது என்று எல்.கே. இரத்னா வழக்கில் (1986) உச்ச நீதிமன்றம் கூறியுள்ளது. பட்டாவைப் பொறுத்தவரை இது இன்னும் பொருந்தும். ஏனெனில் முதல் ஆணையும் மேல்முறையீட்டு முடிவும் பிறக்கும் இடைவெளியில் நிலம் மூன்றாமவர் கைக்குச் சென்றுவிடக்கூடும்.

வாய்ப்பளித்திருந்தாலும் முடிவு மாறியிராது என்பது மற்றொரு வாதம். எஸ்.எல். கபூர் எதிர் ஜக்மோகன் (1980) வழக்கு இயற்கை நீதி மீறலே பாதிப்பு என்றது. பிற்காலத் தீர்ப்புகள், குறிப்பாகச் சுதீர்குமார் சிங் (2020), மெய்யான பாதிப்பு காட்டப்படவேண்டும் என்னும் பக்கம் சாய்ந்துள்ளன. பணியாளர் ஒழுங்கு நடவடிக்கையிலும் ஒப்பந்த விவகாரங்களிலும் பாதிப்பு அளவுகோல் ஏற்புடையதாகலாம். வாரிசுரிமை தொட்ட பட்டா மாறுதலில் அது பொருந்துவது அரிது. பாதிப்பு உண்டா என அறிய உரிமைமூலத்தையே தீர்க்கவேண்டியிருக்கும். அதைச் செய்யக்கூடாதென்பதே சட்டம். ஆகவே இவ்வகை வழக்குகளில் அறிவிக்கப்படாத மாறுதல் தன்னளவிலேயே குறையுடையது எனக் கொள்வதைத் தவிர வேறு வழியிருப்பதாகத் தோன்றவில்லை.

கொல்கத்தா மாநகராட்சி எதிர் விமல்குமார் ஷா (2024) வழக்கில் அரசமைப்பின் 300-ஏ உறுப்பிலிருந்து உச்ச நீதிமன்றம் ஏழு கிளை உரிமைகளை வகுத்தது. அறிவிப்பு பெறும் உரிமை, கேட்கப்படும் உரிமை, காரணத்தோடு கூடிய முடிவைப் பெறும் உரிமை ஆகிய மூன்றும் அவற்றின் தலைவரிசையில் நிற்கின்றன. அத்தீர்ப்பு நிலமெடுப்புப் பற்றியது. பட்டா மாறுதலால் சொத்து பறிக்கப்படுவதில்லை, பதிவு மட்டுமே மாறுகிறது என்று இவ்விரண்டையும் பிரித்துக் காட்டலாம். பதிவை இழந்தவர் அதே சொத்துக்காக வாதியாக நின்று, மெய்ப்பிப்புச் சுமையைத் தாங்கி, விளம்புகை பெறும்வரை அச்சொத்தை எவ்வாறு அனுபவிக்கிறார் என்பதை ஆராய்ந்தபின் அப்பிரிப்பு எவ்வளவு தூரம் நிற்கும் என்பது உயர் நீதிமன்றங்களின் முன்னுள்ள அடுத்த வினா.